பரிசலின் மூன்றாவது சுற்று

“இது அன்னிக்கு எடுத்ததில்லீங்க, சாமி,” என்றார் பாவாயி அம்மாள்.

சுவரில் முறம் அளவுக்கு ஒரு வெளிச்சம். அதற்குள் ஒரு ஆறு, ஆற்றில் ஒரு பரிசல். பரிசலில் நின்றபடி ஒரு மனிதர் கரையை நோக்கி வந்துகொண்டிருந்தார். வெளியே சேலத்து உச்சி வெயில். உள்ளே கதவைச் சாத்தி, இடுக்குகளில் சாக்கைச் செருகிவிட்டு, படம் காட்டுகிற கைமிசினை நான் சுற்றிக்கொண்டிருந்தேன்.

“ஆளு உங்க ஊட்டுக்காரர்தானுங்களே?” என்று கேட்டேன்.

“ஆளு அவியதான். தோள்ல கெடக்கற துண்டுகூட அதேதான். ஆனா அன்னிக்கு அவிய போனாங்க. இதுல வர்றாங்களே.”

பரிசல் கரையைத் தொட்டது. அந்த மனிதர் எங்களுக்கு முகத்தைக் காட்டாமல், முதுகை முன்னே விட்டு, பின்பக்கமாகவே நடந்து கரை ஏறினார். ஈர மணலில் கிடந்த காலடித் தடங்கள் அவர் மிதிக்க மிதிக்க ஒவ்வொன்றாக மறைந்தன.

 சட்டென்று பல்பை அணைத்தேன். இருட்டில் அந்த அம்மாள் மூச்சு விடுவது மட்டும் கேட்டது.

காரணம் சாதாரணமானதுதான். கடைசியாக இந்தப் படத்தை எங்கேயோ ஓட்டிய புண்ணியவான், ஆட்டம் முடிந்ததும் சுருளைத் திருப்பிச் சுற்றாமல் அப்படியே டப்பாவில் போட்டு மூடிவிட்டார். வால் வெளியே, தலை உள்ளே. நான் வாலிலிருந்து ஓட்டிக்கொண்டிருந்தேன். படம் பின்னோக்கி ஓடியது.

இதை அவருக்கு விளக்கிச் சொன்னேன். கேட்டுக்கொண்டார். ஆனால் கதவைத் திறந்தபோது பார்த்தேன். அவருடைய வலது கை தாலிக் கயிற்றை இறுக்கிப் பிடித்திருந்தது.

வாழைப்பழ வாசம்

இந்தத் தொழிலை எனக்கு யாரும் கற்றுக் கொடுக்கவில்லை. பிலிம் துண்டுகளை வீணடித்து வீணடித்துத் தானாகப் படிந்தது. செவ்வாய்ப்பேட்டையில் ஒரு சந்துக் கடைசியில் தகரக் கொட்டகை. டூரிங் கொட்டாய்க்காரர்கள் அறுந்ததையும் கிழிந்ததையும் கொண்டுவருவார்கள். ஓரத்து ஓட்டைகள் பிய்ந்திருந்தால் பக்கத்தில் பட்டி வைத்து ஒட்டுவது, அழுக்கைக் கழுவுவது, உளுத்ததை அறுத்து எறிவது. படத்துக்கு வைத்தியம் என்று வைத்துக்கொள்ளுங்களேன்.

ஒட்டுகிற பசைக்கு வாழைப்பழ வாசம். சந்தில் போகிற பெண்கள், “ஏனுங்க, எந்தச் சந்தையில பழம் வாங்குனீங்க?” என்று எட்டிப் பார்ப்பார்கள். பழம் இருக்காது. நாலு பேர் செத்துக் கிடக்கிற சண்டைக் காட்சி மேசையில் கிடக்கும்.

அந்தக் காலத்துப் பிலிம் பொல்லாதது. பீடி நெருப்பு பட்டால் போதும், தண்ணீருக்குள் போட்டாலும் எரியும். நெருப்பு படாவிட்டாலும் தானே அழுகும். டப்பாவைத் திறந்ததும் கண்ணில் நீர் வர வைக்கிற ஒரு நெடி. முதலில் வெல்லப்பாகு மாதிரி பிசுபிசுக்கும். அப்புறம் நுரை கட்டும். கடைசியில் மூக்குப்பொடி மாதிரி பழுப்புத் தூள். ராஜாவும் ராணியும் அரண்மனையும் ஒரு சிட்டிகைப் பொடி.

அழுகாததற்கு வேறொரு எமன் இருந்தான். பிலிமில் வெள்ளி இருக்கிறது. பேசும் படம் வந்த பிறகு ஊமைப்படத்தை எவன் பார்ப்பான்? வெள்ளி எடுக்கிறவர்கள் டப்பா டப்பாவாக வாங்கி, கழுவி, வழித்து, உருக்கினார்கள். எங்கள் ஊரில் வெள்ளி போய்ச் சேருகிற இடம் கொலுசுப் பட்டறை. தெருவில் யாராவது கொலுசு போட்டு நடந்தால், எந்தப் படத்துக் கதாநாயகியோ என்று நினைத்துக்கொள்வேன். வாய் திறந்து ஒரு சொல் பேசாமல் போன படங்களுக்குக் கடைசியில் கிடைத்த சத்தம் அதுதான்.

இந்தச் சுருளும் உருக்குப் பட்டறைக்குப் போயிருக்க வேண்டியதுதான். யுத்தம் வந்து காப்பாற்றியது.

கரையில் நின்றவள்

யுத்தக் காலத்தில் புதுப் பிலிமுக்குக் கட்டுப்பாடு. புதுப் படங்கள் குறைந்துபோய் டூரிங் கொட்டாய்கள் காற்று வாங்கின. எடப்பாடியில் கொட்டாய் போட்டிருந்த அங்கமுத்து, எங்கிருந்தோ ஒரு பழைய ஊமைப்படத்தைப் பிடித்துக்கொண்டு வந்தார். பெருத்த உடம்பு, அதைவிடப் பெருத்த குரல்.

“பேசாத படத்தை நான் பேச வெச்சுக்கறன். பக்கத்துல நின்னு நானே கதை சொல்லிப் போடுவன். நீ ஓடற மாதிரி மட்டும் ஒட்டிக் குடு தம்பி,” என்றார்.

மேசையில் ஒரு துண்டை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தவர், அதோடு வாயை மூடினார். அவர் வாயை மூடி நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

“இது எங்க ஜேடர்பாளையத்து ஆறு,” என்றார். கொஞ்ச நேரம் கழித்து, “இந்த ஆள எனக்குத் தெரியும்.”

மறுவாரம் அவர் கூட்டிவந்தவர்தான் பாவாயி அம்மாள். அங்கமுத்துவுக்குச் சித்தப்பா மகள். ஜேடர்பாளையத்தில் காடு தோட்டம் உள்ள குடும்பம். எனக்கு அக்கா வயதுதான் இருக்கும். ஆனாலும் என்னைச் ‘சாமி’ என்றுதான் கூப்பிட்டார். அந்தப் பக்கத்தில் கிழவரும் சாமிதான், தொட்டில் பிள்ளையும் சாமிதான். இன்னொரு பழக்கமும் அவருக்கு இருந்தது. நாம் ஒரு தடவை கூப்பிட்டால் திரும்ப மாட்டார், இரண்டாம் தடவைக்கும் மாட்டார். காது மந்தமோ என்று முதலில் நினைத்தேன்.

அவர் சொன்ன கதை இது. கல்யாணமாகி ஒரு பெண் குழந்தை பிறந்திருந்த சமயம், படம் எடுக்கிறவர்கள் ஆற்றங்கரைக்கு வந்தார்கள். கூட்டத்தில் நிற்க உள்ளூர் ஆட்கள் வேண்டும் என்றதும் இவர் வீட்டுக்காரரும் போய்ப் பரிசலில் ஏறிக்கொண்டார். பரிசல் கரையை விட்டது. கரையில் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு இவர் நின்றார்.

“அங்கிருந்து என்னுமோ சொன்னாங்க. மதகுத் தண்ணி எரைச்சல்ல காதுல உழுகல. வாய் அசைஞ்சது மட்டும் கண்டேன்.”

பரிசல் அக்கரை சேர்ந்தது. போனவர்கள் பொழுதோடு திரும்பினார்கள். அவர் மட்டும் இல்லை. பரிசலில் இந்தப் பக்கம் உட்கார்ந்தவர்கள் அவர் அந்தப் பக்கம் இருந்ததாக நினைத்தார்கள். அந்தப் பக்கத்தவர்கள் இந்தப் பக்கம் என்று நினைத்தார்கள். தண்ணீரில் விழுந்ததையும் யாரும் பார்க்கவில்லை, கரை ஏறியதையும் யாரும் பார்க்கவில்லை. உடல் எங்கும் ஒதுங்கவில்லை. படக்காரர்களோடு போய்விட்டார் என்றார்கள் சிலர். கொழும்பில் பார்த்ததாகச் சொன்னார் ஒருவர். சொன்னவர் கொழும்புக்குப் போனதே இல்லை என்று பிற்பாடு தெரிந்தது.

இடுப்பில் இருந்த குழந்தைக்கு இப்போது கல்யாணம் கூடியிருந்தது. மாப்பிள்ளை வீட்டார் நல்லவர்கள்தான். ஆனால் ஒன்று கேட்டுவிட்டார்கள்: பெண்ணின் தகப்பனார் இருக்கிறாரா, இல்லையா? ஒன்றைச் சொல்லுங்கள், பத்திரிகை அடிக்க வேண்டும்.

இல்லை என்று சொன்னால் பாவாயி அம்மாள் தாலியைக் கழற்றிவிட்டு வெள்ளைச்சீலை கட்ட வேண்டும். மகளின் முகூர்த்தத்தின்போது பின்கட்டில் போய் உட்கார வேண்டும். இருக்கிறார் என்று சொல்ல, எதை வைத்துச் சொல்வது?

“என்ன சொல்லிப்போட்டுப் போனாங்கன்னு தெரிஞ்சாப் போதுமுங்க,” என்றார். “நானே முடிவு பண்ணிக்குவன்.”

உதடு

சுருளைத் திருப்பிச் சுற்றிவிட்டு, சரியான பக்கத்திலிருந்து ஓட்டினேன். இப்போது அவர் முன்னோக்கி நடந்து கரை இறங்கி, பரிசலில் ஏறினார். பரிசல் கிளம்பியது.

பரிசல் நேராகப் போகாது என்பது ஆற்றோரத்து ஆட்களுக்குத் தெரியும். சுழன்று சுழன்றுதான் போகும். அவர் முகம் எங்கள் பக்கம் வரும், வாய் அசையும், அப்படியே சுழன்று முதுகாகிவிடும். மறுபடி முகம் வருவதற்குள் படத்தில் பூசணம். அதற்கும் அடுத்த சுற்றில் ஒரே பிசின்.

முதல் சுற்றை மேசையில் விரித்துப் பூதக்கண்ணாடி வைத்து ஒவ்வொரு கட்டமாகப் பார்த்தோம். மூன்று பேரும் வாயை விதவிதமாகக் கோணிக்கொண்டு இருந்ததை யாராவது பார்த்திருந்தால் மந்திரிக்க ஆள் அனுப்பியிருப்பார்கள்.

“‘வாரேன்’னுதான் சொல்லியிருப்பாப்ல,” என்றார் அங்கமுத்து. “ஊட்டை உட்டு எறங்கற ஆம்பள வேற என்னத்தச் சொல்லுவான்?”

நான் சவரக் கண்ணாடியை எடுத்துவைத்துச் சொல்லிப் பார்த்தேன். ‘வாரேன்’ என்றால் உதடு ஒன்றோடொன்று ஒட்டுவதே இல்லை. படத்தில் ஒட்டியது. முதலில் வாய் திறந்திருந்தது, அப்புறம் உதடு இரண்டும் சேர்ந்து மூடின, அப்புறம் பக்கவாட்டில் விரிந்தன.

“மூடித் தொறக்கற எழுத்து எதுங்க?” என்று கேட்டார் பாவாயி அம்மாள்.

எனக்குத் தெரிந்துவிட்டது. அதைச் சொல்லாமல் பூதக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தேன். அங்கமுத்து யோசிக்காமல் கண்ணாடியைப் பார்த்துச் சொல்லிவிட்டார்: “போறேன்.”

எங்கள் பக்கம் அந்தச் சொல்லை யாரும் சொல்லிவிட்டு வாசல் தாண்டுவதில்லை. சாவு வீட்டில்கூட விடைபெறாமல் எழுந்து போவோமே தவிர, அதைச் சொல்ல மாட்டோம். சொன்னவர் வர மாட்டார் என்று அர்த்தம். அங்கமுத்து நாக்கைக் கடித்துக்கொண்டார். ஆனால் சொல் கொட்டகைக்குள் வந்துவிட்டது. வெயிலில் தகரம் படபடவென்று வெடித்தது. 

பாவாயி அம்மாள் அழவில்லை. சீலைத் தலைப்பைக் கையில் எடுத்து, அதன் சிவப்பையே பார்த்துக்கொண்டிருந்தார். நிறத்திடம் விடைபெறுகிற மாதிரி இருந்தது. பிறகு என் பக்கம் திரும்பினார்.

“சாமி, கொஞ்சம் தண்ணி குடு.”

இத்தனை நேரம் உதட்டையே பார்த்துப் பழகிய கண். அது அவர் வாயைத்தான் பார்த்தது. திறந்தது. மூடியது. பக்கவாட்டில் விரிந்தது.

“இன்னொருக்காச் சொல்லுங்க,” என்றேன்.

“தண்ணிங்க.”

“அது இல்லீங்க. அதுக்கு முன்னாடி.”

“என்ன சாமி சொல்ற நீ?”

மறுபடியும் அதே மூன்று அசைவு. பூதக்கண்ணாடியை அவர் கையில் கொடுத்தேன். “‘போறேன்’ இல்லீங்க. ‘சாமி’ன்னு சொல்றாருங்க.”

அவர் குனிந்து பார்த்தார். வெகு நேரம் பார்த்தார். பிலிமில் இருந்த வாயும் அதைப் பார்த்துக்கொண்டிருந்த வாயும் ஒன்றுபோலத் திறந்து மூடின.

“என்னையில்ல,” என்றார் மெதுவாக. “இடுப்புல கெடந்தவளக் கூப்புட்டிருக்காங்க. அவிய அவளப் பேர் சொல்லிக் கூப்புட்டதே இல்ல. ‘சாமி’ன்னுதான்.”

ஒற்றைக் குரல்

அதோடு முடிந்திருந்தால் இந்த வாரப் பத்தியில் எழுத எனக்கு ஒன்றும் இருந்திருக்காது. அங்கமுத்து தொண்டையைக் கனைத்தார்.

“ஒரு வாட்டிதான் கூப்புட்டாப்லயா?”

 அந்த ஊர்க்காரர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. உங்களுக்குச் சொல்கிறேன். ஆள் தெரியாமல் ஒரு குரல் கூப்பிட்டால் உடனே ‘ஏன்’ என்று கேட்கக் கூடாது. செத்தவர்கள் ஒரு தடவை கூப்பிடுவார்கள், இரண்டு தடவை கூப்பிடுவார்கள். மூன்றாவது தடவை கூப்பிட அவர்களால் முடியாது. மூன்றாவதும் கேட்டால் அது உயிருள்ள குரல். அப்போதுதான் பதில் சொல்ல வேண்டும். பாவாயி அம்மாளுக்குக் காது மந்தம் இல்லை என்பது எனக்கு அப்போதுதான் புரிந்தது.

“இதுக்கு அக்கட்டால ரெண்டு சுத்து இருக்குதுங்கல்ல, சாமி?” என்றார். “அதைத் தொடச்சுக் காட்டு.”

இரண்டாவது சுற்றுக்கு ஒரு வாரம் பிடித்தது. ஆற வைத்த தண்ணீரில் ஊறப் போட்டு, பஞ்சால் ஒற்றி ஒற்றிப் பூசணத்தை எடுத்தேன். எடப்பாடி நெசவாளர்கள் பாவு நூலைக் காயப்போடுகிற மாதிரி நிழலில் கயிறு கட்டித் தொங்கவிட்டேன். ஆறும், பரிசலும், பக்கத்தில் இருந்தவர்களின் தலைகளும் போய்விட்டிருந்தன. அவர் மட்டும் மிஞ்சியிருந்தார். எதன்மேலும் நிற்காமல், வெள்ளையில் நின்றபடி, “சாமி” என்றார்.

மூன்றாவது சுற்று பிசினாகி, சுருளில் அடுத்த அடுக்கோடு ஒட்டியிருந்தது. எப்படிப் பிரித்தும் உருவம் கூழாக உரிந்து வந்தது. கையில் மிஞ்சியது வெறும் கண்ணாடி மாதிரி பிலிம். அதில் ஒரு முகமும் இல்லை. உள்ளதை உள்ளபடி அவரிடம் சொன்னேன்.

உளுத்ததை அறுத்து எறிந்துவிட்டு, நல்ல முனைகளை ஒட்டுவதுதான் வழக்கம். கத்தரிக்கோலை எடுத்தேன்.

“அறுக்காதீங்க,” என்றார். அதுவரை ‘குடு’, ‘காட்டு’ என்றே என்னிடம் சொல்லிவந்தவர். “அந்த எடம் அவிய எடம். இருந்துட்டுப் போவட்டும்.”

“வெறும் வெள்ளையா ஓடினா என்ற கொட்டாயில மண்ண வாரி எறிவானுங்க, அம்மிணி,” என்றார் அங்கமுத்து.

“நீதான் பேசறவனாச்சே அண்ணா. அந்நேரம் ரெண்டு வார்த்தை பேசு.”

வெற்றுப் பிலிமை அப்படியே வைத்து ஒட்டினேன். மகளிடம் எதையும் சொல்லக் கூடாது என்று எங்கள் இருவரிடமும் கேட்டுக்கொண்டார். தகப்பன் முகத்தை அவள் ஒரு தடவை பார்த்தால் போதும், பயந்துவிடக் கூடாது என்றார். பத்திரிகைக்கு என்ன சொல்வது என்று அவர் இன்னும் முடிவு செய்யவில்லை.

கூப்பிட்டது யார்

எடப்பாடிக் கொட்டாயில் பொழுது இறங்கியதும் முதல் ஆட்டம். ஆண்களுக்கும் பெண்களுக்கும் நடுவே இடுப்பு உயரத் தட்டி. நான் மிசின் பக்கத்தில் நின்றேன். பெண்கள் பக்கம் பாவாயி அம்மாளும், அவரை ஒட்டி மகள் செல்லம்மாவும். திரைக்குப் பக்கத்தில் தகரக் குழாயை வாயில் வைத்துக்கொண்டு அங்கமுத்து. ராஜா வந்தார், மந்திரி சூழ்ச்சி செய்தார். அத்தனை பேருக்கும் அங்கமுத்துவின் ஒரே குரல். ராணி பேசும்போது மட்டும் கொஞ்சம் மெலிந்தது. ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது.

பரிசல் வந்தது. அங்கமுத்து பேசவில்லை. குழாயைக் கீழே இறக்கிவிட்டார்.

சுவரில் முறம் அளவில் பார்த்தவரைத் திரையில் பனைமர உயரத்தில் பார்த்தேன். முகம் சுழன்று எங்கள் பக்கம் வந்தது. வாய் அசைந்தது. முதுகாகியது. கொட்டாயில் மிசின் ஓடுகிற சத்தத்தைத் தவிர ஒன்றும் இல்லை. மறுபடி சுழன்றது. வெள்ளையில் நின்ற அந்த மனிதர் மறுபடி வாயசைத்தார். மறுபடி முதுகு.

பிறகு நான் ஒட்டிவைத்த வெற்றிடம் வந்தது. திரை வெள்ளையானது. அங்கங்கே புள்ளிகள் மட்டும் துடித்தன.

“ஏனுங்க?” என்றது பெண்கள் பக்கமிருந்து ஒரு குரல்.

அடுக்களையில் வேலையாக இருக்கிற பெண், வாசலிலிருந்து தகப்பன் கூப்பிட்டால் என்ன மாதிரி கேட்பாளோ, அந்த மாதிரி. அதில் பயமும் இல்லை, அழுகையும் இல்லை.

“ஆரு புள்ள அது? துணியா உன்னையக் கூப்புட்டுது?” என்றான் ஆண்கள் பக்கத்தில் ஒருவன். கொட்டாயே சிரித்தது. அங்கமுத்து சிரிக்கவில்லை. கழுத்தைத் திருப்பிப் பெண்கள் பக்கம் பார்த்தார்.

ஆட்டம் முடிந்து வெளியே வந்ததும் பாவாயி அம்மாள் மகளை விளக்குக் கம்பத்தடியில் நிறுத்தினார்.

“எதுக்குச் சாமி ‘ஏனுங்க’ன்ன?”

“கூப்புட்டாங்களேம்மா.”

“என்னன்னு?”

“சாமின்னு.”

“மொதல்ல கூப்புட்டப்பவே ஏன் கேக்கல?”

அந்தப் பெண் அம்மாவை வேடிக்கையாகப் பார்த்தாள். “நீதானம்மா சொல்லியிருக்கற, மூணாவதுக்குத்தான் கேக்கோணும்ன்னு. மூணாவதுக்குத்தான் கேட்டேன்.”

 நான் குறுக்கிட்டுக் கேட்டேன்: “மூணாவதாக் கூப்புட்டப்ப மொகம் தெரிஞ்சுதுங்களா?”

“அப்பத்தானுங்க நல்லாத் தெரிஞ்சுது,” என்றாள். “மத்த ரெண்டுலயும் மங்கலாத்தான் இருந்துது.”

பாவாயி அம்மாள் வேறெதுவும் கேட்கவில்லை. தலைப்பை இழுத்துத் தோளைச் சுற்றிக்கொண்டு, “அண்ணா, பத்திரிகைக்காரங்கிட்டச் சொல்லிரு. தகப்பன் இருக்காங்கன்னு அடிக்கச் சொல்லு,” என்றார்.

பரிசலில் போனவர் திரும்பி வந்தாரா என்று கேட்பீர்கள். எனக்குத் தெரிந்தவரை வரவில்லை. கல்யாணத்தன்று பாவாயி அம்மாள் அரக்குச் சீலை கட்டிக்கொண்டு, மணவறைக்குப் பக்கத்தில், மகளின் தோளைத் தொட்டபடி நின்றார். யாரும் ஒரு சொல் சொல்லவில்லை. குறை சொல்வதற்கு ஆள் தேடிக்கொண்டு வந்திருந்த ஒறம்பரைச் சனம்கூடச் சொல்லவில்லை.

அதற்கு இரண்டு நாள் முன்னால் என் கொட்டகைக்கு வந்திருந்தார். அந்த மூன்றாவது சுற்றை மட்டும் கேட்டார். அங்கமுத்து சம்மதித்திருந்தார். வெறும் பிலிம் தானே, ஓடினாலும் ஒன்று, ஓடாவிட்டாலும் ஒன்று. சுருளைப் பிரித்து அந்தப் பகுதியை வெட்டி எடுத்தேன்.

எந்தத் துண்டு கைக்கு வந்தாலும் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்ப்பது எங்கள் தொழிலில் மூச்சு விடுகிற மாதிரி. கதவு திறந்திருந்தது, வெயில் கண்ணைப் பறித்தது, கை தானாக எழுந்தது.

துண்டு கண்ணுக்கு நேரே வருமுன் பாதியில் நிறுத்தினேன். அப்படியே சுருட்டி அவர் கையில் கொடுத்துவிட்டேன்.